வேறொரு பெயரைச் சொல்லச் சொன்னார்கள்

சண்டை முடிந்து சில வருடங்கள் கழிந்திருந்த நேரம். மன்னார்ப் பக்கம் அரிப்பு என்ற ஊருக்குத் தெற்கே, கடற்கரையிலிருந்து கொஞ்சம் உள்ளே தள்ளி, படையினர் ஒரு பண்ணை நடத்தினார்கள். கச்சான், கத்தரி, மிளகாய், பிறகு வரிசை வரிசையாகத் தென்னம்பிள்ளைகள். அங்கே வேலைக்கு எங்கள் பகுதிப் பெண்களைச் சேர்த்தபோது நானும் போய்ச் சேர்ந்தேன். தோட்டவேலை என்றுதான் சொன்னார்கள். சேர்ந்த பிறகு சீருடை வந்தது, தொப்பி வந்தது. காலையில் வரிசையில் நிற்க வைத்துப் பேர் கூப்பிட்டார்கள். நாங்கள் சேர்ந்தது தோட்டத்தில் இல்லை, படையில்தான் என்பது அப்போதுதான் எங்களுக்கே விளங்கியது.

ஊரில் அதற்கு நல்ல பெயர் இல்லை. ஞாயிறு பூசைக்குப் போனால், தேவாலயத்தில் நான் போய் இருக்கிற நீளப் பலகை வாங்கில் இருந்தவர்கள் மெல்ல ஒதுங்கி இருப்பார்கள். "ஆமிக்காரி வாறா" என்று என் காதில் விழும்படியே சொல்வார்கள். என் மகளுக்கு அப்போது ஏழு வயது. அவளுக்கு வலிப்பு வருத்தம். மாதாமாதம் மன்னார் ஆசுப்பத்திரிக்குக் கொண்டுபோக வேண்டும், மருந்து ஒருநாளும் தவறக்கூடாது. வலிப்பு பெரும்பாலும் நித்திரையில்தான் வரும். என் கணவர் கடலுக்குப் போகிறவர், இரவில் வீட்டில் இருக்க மாட்டார். பிள்ளையைத் திருப்பிப் படுக்க வைத்து, வாயைத் துடைத்து, அது அடங்கும்வரை பக்கத்தில் இருக்க என்னைவிட்டால் ஆள் இல்லை. பகலில் வேலை, இரவில் வீடு என்று கிடைத்த ஒரே வேலை இதுதான். அதனால் வாங்கில் இருந்தவர்கள் எவ்வளவு ஒதுங்கினாலும் நான் ஒதுங்கவில்லை.

ஒருநாள் காலை வரிசையில் நிற்கும்போது சார்ஜன் ஒரு கடதாசியைப் பார்த்துச் சிங்களத்தில் எதையோ வாசித்தார். நடுவில் என் பெயர் வந்தது. அவர் அதை உடைத்து உடைத்துச் சொன்னதால் முதலில் அது என் பெயர் என்றே எனக்குத் தெரியவில்லை. எங்களுக்கு மேற்பார்வையாக ஒரு தமிழ் அக்கா இருந்தா. கொழும்பில் வளர்ந்தவ, சிங்களம் அவவுக்குத் தண்ணி பட்ட பாடு. அவதான் எங்களுக்கும் அவர்களுக்கும் நடுவில் எல்லாவற்றையும் மாற்றிச் சொல்கிறவ. "உமக்கு ட்ரான்ஸ்பர் வந்திருக்கு" என்றா. முல்லைத்தீவுப் பக்கம் இன்னொரு பண்ணைக்கு. அங்கேயே விடுதியில் தங்க வேண்டும், மாதத்தில் ஒருமுறை வீட்டுக்கு வரலாம். மாத முடிவில் புறப்பட வேண்டும்.

மாதத்தில் ஒருமுறை வீட்டுக்கு வந்து நான் என் பிள்ளையின் எந்த வலிப்பைப் பார்ப்பது?

இடமாற்றத்தை ரத்துச் செய்யச் சொல்லி அன்றைக்கே ஒரு கடிதம் எழுதிக் கொடுத்தேன். அடுத்த நாள் அது அப்படியே திரும்பி வந்தது. "தமிழில எழுதினா அங்க ஆர் வாசிக்கிறது?" என்று அக்கா கேட்டா. என்னை வேலைக்கு எடுக்கும்போது தமிழ் பிரச்சினையாக இருக்கவில்லை. தண்ணீர் ஊற்று, களை பிடுங்கு என்று சொல்லும்போதும் பிரச்சினையாக இருக்கவில்லை. என் பிள்ளைக்கு வருத்தம் என்று நான் சொல்ல வரும்போது மட்டும் தமிழ் வாசிக்க ஆள் இல்லை. பஸ் ஏறி மன்னாருக்குப் போய், ஒரு கடையில் கெஞ்சிச் சிங்களத்தில் தட்டச்சு செய்வித்து, பிள்ளையின் வருத்தத்தைப் பற்றி டொக்டரிடம் ஒரு துண்டும் வாங்கி, எல்லாவற்றையும் சேர்த்துக் கொண்டுபோனேன்.

பொறுப்பாக இருந்த கப்டன் இளம் ஆள். மரியாதையான மனிதன் என்றுதான் முதலில் நினைத்தேன். கதிரையில் இருக்கச் சொன்னார். டொக்டரின் துண்டை இரண்டு தரம் வாசித்தார். பிறகு அக்காவோடு கொஞ்ச நேரம் பேசினார். எனக்குத் தெரிந்த சிங்களம் பஸ்ஸுக்கும் சந்தைக்கும் போதுமானது, அவ்வளவுதான். அவர் பேசியது நீளமாக இருந்தது. அக்கா எனக்குத் தமிழில் சொன்னது ஒரு வரிதான்.

"ஒராள் போகத்தான் வேணுமாம். நீர் போகேலாட்டி வெள்ளிக்கிழமைக்கிடையில வேற ஒரு பேரைச் சொல்லட்டாம்."

வெளியே வந்ததும் அவவைக் கேட்டேன். "ஆற்ற பேரை அக்கா நான் சொல்லுறது?"

அவ சுற்றிவரப் பார்த்துவிட்டு, ஏதோ எனக்கு உதவி செய்கிற மாதிரிக் குரலைத் தணித்துச் சொன்னா. "ஏன், உமக்குப் பக்கத்து வரிசையில தண்ணி ஊத்துறவ இருக்கிறாவே. அவ புத்தளத்தால வந்தவதானே. அவவுக்கு எந்த இடமெண்டாலும் ஒண்டுதான்."

அந்த வார்த்தையை நான் இன்றுவரை மறக்கவில்லை.

பக்கத்து வரிசையில் வேலை செய்தவ என்னைவிட மூத்தவ. அவவுக்கு முசலிக் கரையில் இருக்கிற ஒரு முஸ்லிம் ஊர். அவவின் ஊர்ப் பெண்கள் மூத்த சகோதரி என்ற முறையில் அவவை 'ராத்தா' என்று கூப்பிடுவார்கள், நானும் அப்படியே கூப்பிட்டுப் பழகிவிட்டேன். தொண்ணூறாம் ஆண்டில், தமிழர்களான எங்கள் பெயரைச் சொல்லித் துவக்குத் தூக்கியவர்கள் முஸ்லிம் சனத்தை எல்லாவற்றையும் விட்டுவிட்டு ஊரைவிட்டுப் போகச் சொன்னபோது, ராத்தா பள்ளிக்கூடம் போகிற பெட்டை. புத்தளத்தில் ஓலைக் கொட்டிலில் வளர்ந்து, அங்கேயே கலியாணம் முடித்து, அங்கேயே பிள்ளைகளைப் பெற்று, சண்டை முடிந்த பிறகுதான் திரும்பி வந்தா. பிள்ளைகள் படிப்புக்காக இன்னும் புத்தளத்தில் அவவின் உம்மாவோடு இருந்தார்கள். தொப்பிக்குள் முக்காட்டை இறுக்கிக் கட்டிக்கொண்டு வருவா. தேத்தண்ணிப் போத்தலின் மூடியில் முதலில் எனக்கு ஊற்றித் தந்துவிட்டுத்தான் தான் குடிப்பா. பூசையில் என் பக்கத்தில் இருக்க ஆள் இல்லாத அந்தக் காலத்தில், மத்தியானச் சோற்றுக்கு என் பக்கத்தில் இருந்தவ அவ ஒருத்திதான்.

வீட்டுக்குப் போய்க் கணவரிடம் சொன்னேன். அவர் வலை தைத்துக்கொண்டிருந்தார். தலையை நிமிர்த்தவே இல்லை.

"சொல்லன் பேரை. அவங்கள்தானே கேக்கிறாங்கள்."

"அவவும் என்னைப் போல ஒரு தாய்தானேப்பா."

"அவவின்ர பிள்ளையள் நல்ல சுகமா இருக்குதுகள். எங்கட பிள்ளை அப்பிடியே? நீ பேரைச் சொல்லாட்டி அவங்கள் உன்னைக் கூப்பிட்டுப் பதக்கம் குத்தப் போறாங்களே?"

அவர் மேல் எனக்கு வந்த கோபத்தில் கையில் இருந்த கோப்பையை நிலத்தில் வைத்த சத்தத்துக்கு மகள் திடுக்கிட்டு விட்டாள். பிறகு இருந்து யோசித்தால், அவர் சொன்னதில் ஒரு பொய்யும் இல்லை. அதுதான் எனக்கு இன்னும் கோபத்தைக் கிளப்பியது. ஒரு நல்ல மனிதனை, தன் பிள்ளைக்காக, முன்பின் தெரியாத ஒரு பொம்பிளையைத் தூக்கிக் கொடுக்கச் சொல்லுகிற இடத்துக்குக் கொண்டுவந்து விட்டார்களே. வேலையை விடலாமா என்றும் யோசித்தேன். விட்டாலும் அந்த ஒரு ஆள் போகத்தான் வேண்டும். நான் வாய் திறக்காமலே அக்கா ராத்தாவின் பெயரை எழுதி விடுவா. எந்தப் பக்கம் போனாலும் கத்தி அவவின் பக்கம்தான் திரும்பியது.

அடுத்த நாள் வேலைக்குப் போனபோது ராத்தா என் முகத்தைப் பார்த்துவிட்டு, "என்ன புள்ள, மகளுக்குச் சுகமில்லையா?" என்று கேட்டா. என்னால் மறைக்க முடியவில்லை. கடிதம், கப்டன், வெள்ளிக்கிழமை, அக்கா சொன்ன அந்த வார்த்தை வரைக்கும் எல்லாவற்றையும் சொன்னேன்.

ராத்தா வாளியைக் கீழே வைத்துவிட்டுக் கிணற்றுக் கட்டில் இருந்தா. பிறகு மிகச் சாதாரணமாக, கறிக்கு உப்புப் போதுமா என்று சொல்வது போல, "அப்ப என்ட பேரச் சொல்லு புள்ள" என்றா.

"என்ன கதை ராத்தா இது?"

"உன்ட மகளுக்கு வருத்தம். எனக்கென்ன. நான் ஒருக்காப் போனவதானே. போற வழியெல்லாம் எனக்குத் தெரியும்."

நான் அவவோடு சத்தம் போட்டேன். உண்மையாகவே சத்தம் போட்டேன். உங்களுக்கு ரோசம் இல்லையா, யார் போகச் சொன்னாலும் எழும்பிப் போய்விடுவீர்களா என்று கேட்டேன். அவவோடு சண்டை பிடிக்க எனக்கு என்ன இருக்கிறது? ஆனால் அந்த நேரத்தில் என் முன்னால் இருந்தவ அவதான்.

அவ கோபிக்கவில்லை. கிணற்றுக் கட்டைக் கையால் தட்டிக் காட்டினா.

"இந்தக் கிணறு எங்கட வாப்பா வெட்டினது, புள்ள. அந்தா அந்தத் தென்னம்பிள்ள நிக்கிற இடத்துலதான் எங்கட வீடு இருந்திச்சு. காணி உறுதி எங்கட கையில இருக்கு. கந்தோர் கந்தோரா ஏறி இறங்குறம், காணிய விடுறாங்க இல்ல. வேலைக்கு எண்டு வந்தா மட்டும் கேற்றுக்குள்ள விடுறாங்க. அதுக்குத்தான் நான் சேந்தன்."

தினமும் காலையில் மற்றவர்களுக்கு முந்தி ஓடிப்போய் அவ இந்தக் கிணற்று வரிசையைப் பிடித்துக்கொள்வது எதற்கென்று அன்றைக்குத்தான் தெரிந்தது. தன் வாப்பாவின் காணியில், தன் வீடு இருந்த இடத்தில், வேறு யாருடையவோ தென்னைக்குத் தண்ணீர் ஊற்றச் சீருடை போட்டுக்கொண்டு வந்து நிற்கிறா. அவவைப் பார்த்துத்தான் எந்த இடமென்றாலும் ஒன்றுதான் என்று சொல்கிறார்கள்.

"இந்தக் கதைய ஒருத்தருக்கும் சொல்லிப்போடாத" என்றா. "தெரிஞ்சா கேற்றுக்குள்ளயும் விடமாட்டாங்க."

வெள்ளிக்கிழமை காலை நான் கப்டனின் கந்தோருக்குப் போனேன். அக்கா வாசலில் நின்றா. "ஆற்ற பேர்?" என்று கேட்டா. நான் அவவைக் கடந்து உள்ளே போனேன், அவவும் பின்னால் வந்தா. கப்டன் கதிரையைக் காட்டினார். நான் இருக்கவில்லை.

அக்காவிடம் சொன்னேன்: "சேருக்குச் சொல்லுங்கோ. நான் ஒருத்தற்ற பேரும் சொல்லமாட்டன். என்ர கடிதத்தைப் பாத்து ரத்துச் செய்யிறதெண்டால் செய்யட்டும், ஏலாதெண்டால் ஏலாதெண்டு சொல்லட்டும். இன்னொரு மனுசியைப் பிடிச்சுக் குடுக்கிறதுக்கு நான் இங்க வேலைக்கு வரேல்லை."

அக்காவின் முகம் மாறிவிட்டது. "நான் உதைச் சொல்லமாட்டன்" என்றா. "நீர் கதைக்கிற கதைக்கு எல்லாரும் வீட்டை போகவேண்டி வரும். பேசாமல் வாரும்."

அவவைத் தாண்டி அந்த மேசைக்குக் கிட்டப் போய், எனக்குத் தெரிந்த சந்தைச் சிங்களத்தில் நானே சொன்னேன். "நம தென்னே நே, சேர்." பேர் தரமாட்டேன். இரண்டாம் தரமும் அதையே சொன்னேன். வேறு சொல்லத் தெரியவில்லை.

கப்டன் விளங்காமல் என்னைப் பார்த்தார். என்ன பெயர் என்று அக்காவைக் கேட்டார். அக்கா வேகமாக ஏதோ சொல்லத் தொடங்கினா. அவர் கையைக் காட்டி நிறுத்திவிட்டு, வெளியே நின்ற சார்ஜனைக் கூப்பிட்டார். சார்ஜனுக்குக் கொஞ்சம் தமிழ் தெரியும். என்னிடம் கேட்டு, அவரிடம் சொல்லி, அவர் சொன்னதைத் திரும்ப என்னிடம் சொன்னார்.

"சேர் பேர் கேக்க இல்ல. சேர் சொன்னது, ஆசையில் போற ஆள் இருந்தா, மாறிப் போகலாம். எல்லார்ட்டயும் கேட்டுப் பார், வெள்ளிக்கிழமை சொல்லு. அவ்வளவுதான்."

அந்த அறையில் எனக்கு எங்கே பார்ப்பது என்று தெரியவில்லை. விருப்பமான ஆளைக் கேட்டுப் பார் என்று ஒரு மனிதன் சொன்னது, நடுவில் ஒரு வாயைக் கடந்து என்னிடம் வரும்போது, ஒருத்தியைக் காட்டிக் கொடு என்று மாறி வந்திருக்கிறது. அக்கா நிலத்தைப் பார்த்துக்கொண்டு நின்றா. கப்டன் அவவைப் பார்த்து ஏதோ கடுமையாகச் சொல்லிவிட்டு, என்னைப் பார்த்துச் சிரித்தார். பிழை அக்காவின் பிழை, தன் கை சுத்தம் என்கிற சிரிப்பு.

அந்தச் சிரிப்பில் எனக்கு இன்னும் பற்றிக்கொண்டு வந்தது. சார்ஜனிடம் சொன்னேன்: "சேரிட்டக் கேளுங்கோ. காலமை வரிசையில எல்லாரும் நிக்கிறம்தானே. தானே வந்து ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம்தானே. என்ர பிள்ளையின்ர உயிர்க் கதையை ஏன் மற்ற ஆளிட்டக் குடுத்திட்டு இருந்தவர்?"

சார்ஜன் அதை எவ்வளவு சொன்னார் என்று தெரியாது. குறைத்துத்தான் சொல்லியிருப்பார். ஆனாலும் கப்டனின் சிரிப்பு நின்றுவிட்டது. தொப்பியை எடுத்துக்கொண்டு எழும்பினார்.

எங்கள் எல்லோரையும் மறுபடி வரிசையில் நிறுத்தினார்கள். முல்லைத்தீவுப் பண்ணைக்கு விரும்பிப் போகிறவர்கள் இருக்கிறார்களா என்று சார்ஜன் தன் தமிழில் கேட்டார். கேட்டு அவர் வாய் மூடவில்லை, கடைசி வரிசையில் நின்ற விடத்தல்தீவுப் பெட்டை ஒருத்தி கையைத் தூக்கினாள்.

"நான் போறன் சேர். எனக்கு அங்கதான் பெரியம்மா வீடு. கலியாணமும் அங்கதான் பேசியிருக்கு. நான் முந்தியே அக்காட்டக் கேட்டனான், அங்க இடமில்லை எண்டு சொன்னவ."

எல்லோரும் சிரித்தார்கள். கப்டனும் சிரித்தார், கை தட்டினார். என் இடமாற்றம் அந்த இடத்திலேயே ரத்தானது. அந்தப் பெட்டையின் முகத்தில் சந்தோசம் தாங்கவில்லை. நான் மட்டும் சிரிக்கவில்லை. எனக்கு உடம்பெல்லாம் எரிந்தது. இவ்வளவு லேசான காரியம். வாயைத் திறந்து ஒரு கேள்வி. அதைக் கேட்காததால் நான் என் கணவரோடு முகம் பார்த்துப் பேசாமல் இருந்தேன். அதைக் கேட்காததால் ராத்தா தன் வாப்பாவின் கிணற்றுக் கட்டில் இருந்துகொண்டு தன் பெயரைத் தானே தந்தா.

"சேருக்கு நன்றி சொல்லும்" என்று அக்கா பின்னால் நின்று மெல்லச் சொன்னா. நான் சொல்லவில்லை. கப்டன் கொஞ்ச நேரம் அதை எதிர்பார்த்து நின்றுவிட்டுப் போனார்.

பிறகு ஒருநாள் தனிய அகப்பட்டபோது அக்காவைக் கேட்டேன், ஏன் அப்படிச் செய்தீர்கள் என்று. அவ மன்னிப்புக் கேட்கவில்லை. "எல்லாரையும் விருப்பம் கேட்டுக்கொண்டு திரிஞ்சால் என்னை ஆர் மதிக்கிறது? எனக்கு மேலயும் ஆக்கள் இருக்கினம். அவை கேட்டால் ஒரு பேரோட போய் நிக்கவேணும்" என்றா. அவ சொன்னதில் அவவின் பயமும் இருந்தது என்று இப்போது விளங்குகிறது. விளங்கினால் போல் கோபம் குறையவில்லை. அவ பதவியில் அப்படியே இருந்தா. அவவிடம் யாரும் ஒரு கேள்வியும் கேட்டதாக எனக்குத் தெரியாது.

கணவரிடம் அன்றைக்கு நடந்ததைச் சொன்னேன். அவர் வலையை ஒதுக்கி வைத்துவிட்டு, "அந்த மனுசியை ஒருநாளைக்குச் சாப்பிடக் கூட்டிக்கொண்டு வா" என்று மட்டும் சொன்னார். ராத்தா வந்தா. எங்கள் வீட்டில் மீன் கறி சாப்பிட்டா, மகளுக்குத் தலை இழுத்துப் பின்னி விட்டா. பூசையில் என்னை விட்டு ஒதுங்கி இருந்தவர்களில் ஒருத்தி வேலிக்கு அப்பால் நின்று பார்த்துக்கொண்டு நின்றா. பார்க்கட்டும் என்று படலையைத் திறந்தே விட்டேன்.

அதற்குப் பிறகு கொஞ்சக் காலம்தான் நான் அந்த வேலையில் இருந்தேன். மகளுக்கு வருத்தம் குறைந்து வந்தது, மன்னாரில் வேறு வேலை கிடைத்தது, விட்டுவிட்டேன். நான் விடும்போதும் ராத்தாவின் காணி கைக்கு வரவில்லை. அவ தொடர்ந்து வேலைக்குப் போய்க்கொண்டுதான் இருந்தா.

இது நடந்து எவ்வளவோ காலமாகிவிட்டது. நடந்ததைக் கேட்டவர்கள், கடைசியில் நல்லபடியாக முடிந்ததுதானே, இனி எதற்குக் கோபம் என்று கேட்கிறார்கள். கப்டனின் சிரிப்பை மறந்துவிடலாம், அக்காவின் பயத்தையும் ஒருநாள் மன்னித்து விடலாம். ஆனால் ஒருமுறை துரத்தப்பட்ட ஒருத்தி, இரண்டாம் தரமும் யாராவது போகவேண்டும் என்றால் அது தன் முறைதான் என்று தானாகவே எழும்பி நிற்கும் அளவுக்கு அவவை நாங்கள் எல்லோரும் சேர்ந்து பழக்கி வைத்திருக்கிறோமே, அந்தக் கோபம் மட்டும் எனக்குள் ஆறிவிடக்கூடாது என்று பூசைக்குப் போகிற ஒவ்வொரு ஞாயிறும் வேண்டிக்கொள்கிறேன்.